அணையா அடுப்பும் அரை விநாடியும்

எங்கள் ஊரில் யார் வீட்டுக் கல்யாணம் ஆனாலும் பெரிய அண்டாக்கள் இரண்டும், ஆள் உயரக் கரண்டிகளும் ஒரே இடத்திலிருந்துதான் வரும். கோயில் மடைப்பள்ளியை ஒட்டினாற்போல் ஓர் இருட்டறை. அதற்குள் அவை கவிழ்த்து வைக்கப்பட்டிருக்கும். இருநூறு பேருக்குச் சமைக்கிற அண்டாவை ஒவ்வொரு குடும்பமும் வாங்கிப் பரணில் போட்டுவைப்பது நடக்கிற காரியமா? பத்து வருஷத்தில் ஒரு நாள் தேவைப்படும் சாமானுக்கு அத்தனை பணமா, அத்தனை இடமா? ஆகவே ஊருக்குப் பொதுவாக ஒன்று. கேட்டால் கிடைக்கும், காரியம் முடிந்ததும் திரும்பிவிடும்.

அந்த அண்டாக்களுக்கு ஈயம் பூசி வைத்தது யார் என்று சிறுவனாக இருந்த எனக்குத் தெரியாது. பெரியவர்களிலும் பாதிப் பேருக்குத் தெரிந்திராது. பித்தளையில் ஈயம் தேய்ந்துபோனால் புளி சேர்ந்த குழம்பு களிம்பேறிவிடும். உண்டவர் வயிறு கெடும். எந்தக் கல்யாணத்திலும் அப்படி நேர்ந்ததில்லை. நேராமல் பார்த்துக்கொண்ட மனிதர் ஒருவர் இருந்திருக்கத்தானே வேண்டும்? அவரை யாரும் முதல் பந்திக்கு அழைத்து உட்கார வைத்ததாக எனக்கு ஞாபகம் இல்லை.

இத்தனை வருஷத்துக்குப் பிறகு அந்த அண்டாக்களை நான் நினைத்துக்கொண்டது நெய்வேலியில், கம்ப்யூட்டரைப் பற்றி ஒரு பாடம் கேட்க நேர்ந்த சமயத்தில்.

புத்தகக் கண்காட்சிக்காகப் போயிருந்தேன். நெய்வேலிக்குப் போனால் என் தமக்கை வீட்டில்தான் ஜாகை. அத்தான் சுரங்கத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். மூத்த பிள்ளையும் அதே உத்தியோகத்துக்குப் போய்விட்டதால் குவார்ட்டர்ஸ் வாசம் தொடர்கிறது. இந்த வட்டம், அந்த வட்டம் என்று எண் போட்டு அளந்து கட்டிய ஊர் அது. அகலமான வீதிகள்; இரண்டு பக்கமும் மரங்கள். சாயங்காலத்தில் அந்த வீதிகளில் நடந்தால், பக்கத்திலேயே பூமியைப் பிளந்து இத்தனை பெரிய பள்ளம் வெட்டியிருக்கிறார்கள் என்பதை நம்பவே முடியாது.

இளைய பிள்ளைதான் கம்ப்யூட்டர் ஆசாமி. சுற்று வட்டாரத்துக் கடைகளுக்கும் சின்ன ஆபீஸ்களுக்கும் கணக்கு எழுதும் இயந்திரங்களைப் பழுது பார்ப்பது அவன் ஜீவனம். நான் போன மறுநாள் காலையிலேயே அவனுக்குப் போன் வந்துவிட்டது. பக்கத்து ஊரில் ஒரு மருந்துக் கடை, பெயர் வேண்டாம். பில் போடும் இயந்திரம் எழுந்திருக்க மறுக்கிறது. "வர்றீங்களா மாமா? கதைக்கு ஏதாவது கிடைக்கும்" என்றான். அவன் மோட்டார் சைக்கிளின் பின்னால் தொற்றிக்கொண்டேன்.

கடை வாசலில் பத்துப் பன்னிரண்டு பேர் சீட்டும் கையுமாக நின்றிருந்தார்கள். சர்க்கரை வியாதிக்கு ஊசி மருந்து வாங்க வந்த ஒரு கிழவி படியிலேயே உட்கார்ந்துவிட்டாள். எந்த மருந்து எந்த அலமாரியில், எந்தத் தேதி வரைக்கும் செல்லும் என்பதெல்லாம் இயந்திரத்துக்குள் இருக்கிறது. அதைக் கேட்டுச் சொல்ல வேண்டிய புரோகிராமோ ஒரே ஒரு வரியைக் காட்டிவிட்டு மூச்சு விடாமல் கிடக்கிறது. அந்த வரியை அவன் எனக்குத் தமிழ்ப்படுத்திச் சொன்னான்: 'லிப்-பிக்யூ என்ற பொதுக் கோப்பை, அதன் ஐந்தாம் எண்ணுள்ள பிரதியை, திறக்க முடியவில்லை, அப்படி ஒரு கோப்பே இல்லை.'

"நேத்து ராத்திரி வரைக்கும் நல்லா ஓடிச்சு தம்பி" என்றார் கடைக்காரர்.

"நேத்து ராத்திரி யாராவது தொட்டாங்களா?"

தொட்டிருந்தார்கள். இயந்திரத்தில் இடம் குறைகிறதென்று கடைக்காரர் வேறொரு பையனைக் கூப்பிட்டுச் சுத்தம் செய்யச் சொல்லியிருக்கிறார். அவன் உபயோகத்தில் இல்லாத ஒரு பழைய டேட்டாபேஸ் கருவியை நீக்கினான். 'இத்துடன் வந்த இந்தக் கோப்புகளையும் இனி யாரும் உபயோகிக்கவில்லை, நீக்கிவிடட்டுமா?' என்று இயந்திரம் கேட்டிருக்கிறது. அவனும் சரி என்றிருக்கிறான். இயந்திரம் பொய் சொல்லவில்லை. எந்தப் புரோகிராம் எந்தக் கோப்பை நம்பி இருக்கிறது என்று அது ஒரு பேரேடு வைத்திருக்கிறது. மருந்துக் கடையின் பில் புரோகிராமை மட்டும் யாரோ ஒரு காலத்தில் கையால் கொண்டுவந்து வைத்துவிட்டுப் போயிருந்தார்கள். பேரேட்டில் அதற்குப் பெயரே இல்லை. பேரேட்டின்படி அந்தக் கோப்பு அநாதை. உண்மையில் ஒரு கடையே அதன் தலையில் நின்றுகொண்டிருந்தது.

என் மருமான் அந்தக் கோப்பைத் திரும்ப வரவழைத்து வைத்தான். இது வேண்டும் என்று பேரேட்டிலும் குறித்தான். நாலு நிமிஷம் ஆகியிருக்கும். கிழவிக்கு மருந்து கிடைத்தது. கைப்பேசியில் எடுக்கிற ஒரு போட்டோ அந்தக் கோப்பைவிடப் பெரியது என்று கேட்டதும் கடைக்காரர் முகத்தில் சந்தோஷத்தைவிட அவமானம் அதிகமாகத் தெரிந்தது. இத்தனூண்டுக்கா இத்தனை பாடு?

அன்று சாயங்காலம் வாசல் திண்ணையில் அவனைப் பிடித்துக்கொண்டேன். "அது என்னடா பொதுக் கோப்பு?"

"ஷேர்டு லைப்ரரின்னு பேர் மாமா."

லைப்ரரி என்ற சொல்லைக் கேட்டதும் நிமிர்ந்து உட்கார்ந்தேன். எழுதிப் பிழைக்கிறவனுக்கு அந்தச் சொல்லில் ஒரு சபலம் உண்டு. அவன் சிரித்தான். "புஸ்தகம் இல்லை. கல்யாணப் பாத்திரம் மாதிரி" என்றான். எங்கள் ஊர் அண்டாக்களைப் பற்றி அவனுக்கு அவன் அம்மா சொல்லியிருக்க வேண்டும்.

அவன் சொன்னதை எனக்கு விளங்கிய அளவில் சொல்கிறேன். எந்தப் புரோகிராமாக இருந்தாலும் அது செய்ய வேண்டிய காரியங்களில் பெரும்பகுதி மற்றப் புரோகிராம்களும் செய்கிற காரியங்களே. எழுத்தைத் திரையில் காட்டுவது, கணக்கு விவரங்கள் குவிந்திருக்கும் டேட்டாபேஸிடம் போய் மரியாதையாகக் கேள்வி கேட்டுப் பதில் வாங்குவது, கடிதத்தைப் பூட்டி அனுப்புவது, வந்திருக்கும் ஆள் இன்னார்தான் என்று சரிபார்ப்பது. இவற்றை ஒவ்வொருவரும் தனித்தனியே எழுதிக்கொள்ளாமல், ஒருவர் நன்றாக எழுதி ஒரு கோப்பில் வைத்துவிடுகிறார். வேண்டியவர்கள் எடுத்து ஆளலாம். இதற்கென்று ஒதுக்கிய அடைவுகளில் அவை வரிசையாக இருக்கும். லினக்ஸ் இயந்திரங்களில் 'லிப்' என்று பெயர் தொடங்கி 'எஸ்.ஓ.' என்று முடிந்து, வாலில் ஓர் எண் இருக்கும். விண்டோஸில் 'டி.எல்.எல்.' என்று பெயர். நம் எல்லோர் வீட்டு இயந்திரத்திலும் ஆயிரக்கணக்கில் இருக்கின்றன.

யோசனை ஒன்றும் புதிதல்ல. 1960களின் நடுவில் எம்.ஐ.டி.யும் பெல் ஆய்வுக்கூடமும் ஜெனரல் எலக்ட்ரிக் கம்பெனியும் சேர்ந்து மல்டிக்ஸ் என்ற அமைப்பைக் கட்டினார்களே, அதிலேயே இது உண்டு. நெய்வேலியில் முதல் மின்சாரம் பிறந்ததும் அந்தப் பத்தாண்டில்தான். அந்தக் காலத்தில் இயந்திர ஞாபகசக்தி தங்கத்தின் விலை. ஒரே காரியத்துக்கு இருபது பிரதி வைத்துக்கொள்ளக் கட்டுப்படியாகாது. ஒரு பிரதியை ஏற்றிவைத்தால் இருபது புரோகிராம்கள் அதையே பார்த்துக்கொள்ளலாம்.

வாலில் இருக்கும் எண்ணைப் பற்றி அவன் சொன்னதுதான் எனக்கு மிகவும் பிடித்தது. அது ஒரு வாக்கு. 'என்னிடம் இன்ன விதமாகக் கேட்டால் இன்ன விதமாகத் தருவேன்' என்று அந்தக் கோப்பு கொடுத்திருக்கும் வாக்கு. உள்ளே எத்தனை பழுது பார்த்தாலும், எத்தனை வேகமாக்கினாலும், வாக்கு மாறாத வரையில் அந்த எண் மாறாது. லிப்-பிக்யூ பல வருஷங்களாக ஐந்திலேயே நிற்கிறது. வாக்கே மாற வேண்டி வந்தால் எண்ணை மாற்றித் தண்டோரா போட்டுவிட வேண்டும். பூட்டும் சாவியும் செய்கிற ஓபன் எஸ்.எஸ்.எல். என்ற தொகுதி 2021-ல் அப்படித்தான் 1.1 என்ற எண்ணை விட்டு 3 என்ற எண்ணுக்குப் போயிற்று. பழைய எண்ணை நம்பியிருந்த புரோகிராம்கள் பல, புது இயந்திரங்களில் ஏறியதும் திக்குத் தெரியாமல் நின்றன. மனிதர்கள் வாக்கு மாறும்போது இப்படி நெற்றியில் எண்ணை மாற்றி ஒட்டிக்கொண்டு வந்தால் உலகத்தில் பாதி வழக்குகள் குறைந்துவிடும்.

ஒரு கட்டளை அடித்து, அந்த மருந்துக் கடைப் புரோகிராம் யார் யாரை நம்பியிருக்கிறது என்ற ஜாபிதாவைக் காட்டினான். அது நம்பியது லிப்-பிக்யூவை. லிப்-பிக்யூ நம்பியது ஓபன் எஸ்.எஸ்.எல். கோப்புகள் இரண்டை, ஆளை அடையாளம் காண உதவும் கெர்பரோஸ் கோப்பை, பெரிய ஆபீஸ்களில் எல்லோர் பெயரையும் ஒரே இடத்தில் வைத்திருக்கும் எல்டாப் கோப்பை. அவை ஒவ்வொன்றும் இன்னும் சிலரை நம்பியிருந்தன. சம்பந்திக்குச் சம்பந்தி, அவருக்குச் சம்பந்தி என்று திரை நிறைய ஓடியது. மாத்திரை அட்டை ஒன்றுக்குப் பில் போட இத்தனை பேர் கைகொடுக்கிறார்கள்.

ஆளைச் சரிபார்க்கும் காரியத்துக்குத் தனியாக ஓர் ஏற்பாடு இருக்கிறது. 'பாம்' என்று சுருக்கப் பெயர். 1995-ல் சன் மைக்ரோசிஸ்டம்ஸ் கம்பெனியார் வகுத்தது. உள்ளே வர விரும்புகிறவனின் கடவுச்சொல் சரியா என்று வாசலில் இருக்கும் புரோகிராம் தானே பார்ப்பதில்லை. பாமிடம் கேட்கிறது. பாம் ஒரு குறிப்பேட்டைப் பார்த்து, இதற்கு எந்தக் காவல்காரன் என்று தெரிந்துகொண்டு அவனை அழைக்கிறது. அந்தக் காவல்காரன் ஒவ்வொருவனும் ஒரு பொதுக் கோப்பு. காவல்காரனை மாற்றுவதற்காக வீட்டை இடித்துக் கட்ட வேண்டாம். ஆனால் அந்தக் குறிப்பேட்டில் ஒரு வரி பிசகினால் வீட்டுக்காரனே வெளியில் நிற்க வேண்டியதுதான்.

"இத்தனை சௌகரியமான ஏற்பாட்டுக்கு ஏதாவது விலை இருக்குமே?" என்றேன்.

இருக்கிறது. ஒரு கோப்பைச் செப்பனிட்டால் அதை நம்பியவர்கள் எல்லோருக்கும் சுகம். அதில் ஓட்டை விழுந்தால் எல்லோருக்கும் ஓட்டை.

2014 ஏப்ரல் 7-ஆம் தேதி வெளியான சமாசாரம் இது. ஓபன் எஸ்.எஸ்.எல்.லில் 'நீ உயிரோடிருக்கிறாயா?' என்று எதிராளியைக் கேட்டுக்கொள்ளும் ஒரு சின்ன வழக்கம் உண்டு. கேட்கிறவன் ஒரு சொல்லை அனுப்பி, அதற்கு இத்தனை எழுத்து என்றும் சொல்வான்; எதிராளி அதைத் திருப்பிச் சொல்ல வேண்டும். நாலு எழுத்துச் சொல்லை அனுப்பிவிட்டு அறுபதினாயிரம் எழுத்து என்று சொன்னால்? எதிராளி எண்ணிப் பார்க்காமல், அந்தச் சொல்லுக்குப் பக்கத்தில் ஞாபகத்தில் கிடந்ததையெல்லாம் அள்ளிக் கொடுத்துவிடுவான். அதில் பிறருடைய கடவுச்சொற்கள் இருக்கலாம். பூட்டின் சாவியே இருக்கலாம். இரண்டு வருஷம் அந்த ஓட்டை திறந்து கிடந்தது. ஹார்ட்பிளீட், அதாவது இதய ரத்தக் கசிவு என்று பெயர் வைத்தார்கள்.

அப்போதுதான் உலகம் திரும்பிப் பார்த்தது, இந்தப் பொது அண்டாவுக்கு யார் ஈயம் பூசுகிறார்கள் என்று. பாங்குகளும் சர்க்கார்களும் பெரிய வியாபாரிகளும் நம்பியிருந்த அந்தத் தொகுதியை முழுநேரமாகக் கவனித்தவர் ஒரே ஒருவர். அதற்கு உலகம் கொடுத்துவந்த நன்கொடை வருஷத்துக்குச் சுமார் 2,000 டாலர். பிறகு பெரிய கம்பெனிகள் சேர்ந்து பணம் போட்டன. வயிறு கெட்ட பின் வந்த ஞானம்.

இந்த இடத்தில் அத்தான் குறுக்கிட்டார். அதுவரையில் சாய்வு நாற்காலியில் கண்ணை மூடிக்கொண்டிருந்தவர், தூங்குகிறார் என்று நினைத்திருந்தேன்.

"மாப்ளே, நான் முப்பத்தஞ்சு வருஷம் என்ன வேலை பார்த்தேன்னு உங்களுக்குத் தெரியுமா?"

"சுரங்கத்தில்."

"சுரங்கத்தில் என்ன?"

தெரியாது. தமக்கை கணவர் சுரங்கத்தில் இருக்கிறார் என்பதற்கு மேல் நான் கேட்டதில்லை. அவர் சொன்னார்.

நெய்வேலிக் கதை எல்லோருக்கும் தெரியும். 1930களில் ஜம்புலிங்க முதலியாரின் நிலத்தில் கிணறு தோண்டும்போது தண்ணீரோடு கறுப்பாக ஏதோ வந்தது. 1956-ல் கார்ப்பரேஷன் அமைந்தது. 1957 மே மாதத்தில் நேரு வந்து சுரங்க வேலையைத் தொடங்கி வைத்தார். 1961-ல் பழுப்பு நிலக்கரி கண்ணில் பட்டது. 1962-ல் விளக்கு எரிந்தது. சோவியத் உதவியோடு கட்டிய அந்த முதல் அனல்மின் நிலையம் ஆயுள் முடிந்து 2020-ல் ஓய்வு பெற்றுவிட்டது. ராட்சசச் சக்கரங்கள் மண்ணை வாரும் படம் பள்ளிப் புத்தகத்தில்கூட உண்டு. படத்தில் வராத சமாசாரம் தண்ணீர். நிலக்கரிப் படுகைக்கு அடியில் தண்ணீர் பெரும் அழுத்தத்தோடு அடைபட்டு நிற்கிறது. மேலே இருக்கும் மண்ணின் பாரத்தை அகற்றிக்கொண்டே போனால், அடியிலிருந்து தண்ணீர் தரையைப் பொத்துக்கொண்டு கிளம்பிவிடும், சுரங்கம் மூழ்கிவிடும். ஆகவே பள்ளத்தைச் சுற்றிலும் ஆழ்குழாய்க் கிணறுகள் போட்டு, அறுபது வருஷத்துக்கு மேலாக இரவு பகலாய் இறைத்துக்கொண்டே இருக்கிறார்கள். அத்தானின் வேலை அங்கே, பம்புகளோடு.

"அளவுமானியைப் பார்க்கணும், எழுதணும். ஒரு பம்பு நின்னா இன்னொண்ணைப் போடணும். முப்பத்தஞ்சு வருஷம். தண்ணி வந்திருந்தா எங்களை எல்லாரும் கேட்டிருப்பாங்க. வரலை. அதனால நாங்க சும்மா உட்கார்ந்து சம்பளம் வாங்கறோம்னு பேசிக்கிட்டாங்க."

அவர் குரலில் வருத்தம் இல்லை. அளவுமானியைப் படிக்கிற குரல்தான். ஆனால் அக்காள் காப்பி டம்ளர்களை எடுக்க வந்தவள் கொஞ்ச நேரம் அங்கேயே நின்றாள்.

மருமான் அப்பாவை அன்றுதான் முதன்முதலாகப் பார்ப்பவன்போலப் பார்த்தான். பிறகு இன்னொரு கதை சொன்னான். இது 2024-ல் நடந்தது.

எக்ஸ்-இசட் என்று ஒரு சின்னத் தொகுதி. கோப்புகளை அமுக்கிச் சிறிதாக்குவது அதன் தொழில். அதில் லிப்-எல்.இசட்.எம்.ஏ. என்ற பொதுக் கோப்பு. பின்லாந்தைச் சேர்ந்த லாசே காலின் என்பவர் அதைப் பல வருஷமாகச் சம்பளமில்லாமல் கவனித்து வந்தார். அவருக்கு உடம்பும் மனசும் சோர்ந்திருந்த சமயம். 'ஏன் தாமதம், முடியாவிட்டால் வேறு ஆளிடம் விடுங்கள்' என்று முகம் தெரியாதவர்கள் சிலர் கடிதம் எழுதி நெருக்கினார்கள். அதே காலத்தில் ஜியா டான் என்ற பெயரில் ஒருவர் வந்து, பொறுமையாக, மரியாதையாக, நல்ல நல்ல திருத்தங்களாகச் செய்து கொடுத்தார். இரண்டு வருஷத்துக்கு மேல் உழைத்து நம்பிக்கையைச் சம்பாதித்தார். காலின் அவரையும் பொறுப்பாளராகச் சேர்த்துக்கொண்டார். 2024 பிப்ரவரியில் வெளியான புதுப் பதிப்பில் அந்த மனிதர் ஒரு திருட்டு வழியை வைத்தார். சோதனைக்காக வைத்திருந்த கோப்புகளுக்குள் அதை ஒளித்தார். எல்லோரும் படிக்கும் மூலத்தில் இல்லாத ஒரு வரியை, கட்டி அனுப்பிய மூட்டையில் மட்டும் சேர்த்தார்.

அமுக்கும் கோப்பில் வைத்தால் என்ன கிடைக்கும் என்று நான் கேட்டேன். அங்கேதான் சம்பந்தி விவகாரம். தூரத்து இயந்திரத்துக்குள் நுழையும்போது ஆளைச் சரிபார்க்கும் எஸ்.எஸ்.எச். என்ற வாசற்காவலனுக்கும் இந்தக் கோப்புக்கும் நேர் உறவு கிடையாது. ஆனால் அப்போது சில லினக்ஸ் வகைகளில் காவலன் சிஸ்டம்-டி என்பவரின் கோப்பை அழைத்துக்கொண்டிருந்தான். அந்தக் கோப்பு இதை அழைத்துக்கொண்டிருந்தது. ஒரே வீட்டுக்குள் வந்துவிட்ட பிறகு உறவு எவ்வளவு தூரமானால் என்ன? சாவியைச் சோதிக்கும் இடத்தில் போய்த் தன் கையை வைத்துக்கொண்டது. ஒரு ரகசியச் சாவி வைத்திருப்பவன் எந்தக் கடவுச்சொல்லும் இல்லாமல் உள்ளே புகுந்து கட்டளையிடலாம்.

அதைக் கண்டுபிடித்தவர் ஆண்ட்ரேஸ் ஃப்ராய்ண்ட். மைக்ரோசாஃப்டில் வேலை; போஸ்ட்கிரெஸ் என்ற டேட்டாபேஸைக் கட்டுகிறவர்களில் ஒருவர். மருந்துக் கடையில் காணாமற்போன லிப்-பிக்யூ அந்தப் போஸ்ட்கிரெஸின் தூதன்தான். அவர் திருடனைத் தேடிப் போகவில்லை. தம் டேட்டாபேஸின் வேகத்தை அளந்துகொண்டிருந்தார். வாசற்காவலன் அளவுக்கு மீறி உழைக்கிறானே என்று பட்டது. 0.3 விநாடியில் முடிய வேண்டிய நுழைவு 0.8 விநாடி எடுத்தது. அரை விநாடி. வேறு யாராக இருந்தாலும் கொட்டாவி விட்டுவிட்டுப் போயிருப்பார்கள். சில வாரங்களுக்கு முன் வேறொரு சோதனையில் கேட்ட ஒரு விநோதமான முணுமுணுப்பும் அவருக்கு ஞாபகம் வந்தது. நூலைப் பிடித்துக்கொண்டே போனார். 2024 மார்ச் 29-ஆம் தேதி உலகத்துக்கு அறிவித்தார். திருட்டுப் பதிப்பு சோதனை நிலையிலிருந்த லினக்ஸ்களோடு நின்றுபோயிற்று. பெரும்பாலோர் உபயோகிக்கும் நிலைத்த பதிப்புகளுக்குள் புகுமுன் பிடிபட்டது. ஜியா டான் அன்றோடு மறைந்துபோனார். அது மெய்ப்பெயராக இராது என்றே எல்லோரும் கருதுகிறார்கள்.

கதை முடிந்ததும் மருமான் பேசாமல் இருந்தான். பிறகு தயங்கித் தயங்கி, "எனக்கும் ஒரு கடுதாசி வந்திருக்கு" என்றான்.

அவனும் ஒரு சின்ன அண்டா செய்து பொதுவில் வைத்திருக்கிறான் என்பது அப்போதுதான் வெளிவந்தது. பழைய தமிழ் எழுத்துருக்களில் அடித்துவைத்த பெயர்களையும் விலாசங்களையும் யூனிகோடுக்கு மாற்றும் கோப்பு. டேட்டாபேஸ்களில் பழைய பதிவேடுகளை ஏற்றுகிறவர்கள் எங்கெங்கோ அதை எடுத்து ஆள்கிறார்கள். காசு கிடையாது. ராத்திரி பதினோரு மணிக்கு மேல் அவன் அறையில் எரியும் விளக்கு அதற்குத்தான். அது வெட்டிவேலை என்று அத்தான் பல தடவை சொல்லியிருக்கிறார். 'ஒரு மாதமாகியும் இந்தப் பிழையைத் திருத்தவில்லையே, உனக்கெல்லாம் எதற்கு இது?' என்று கேட்டு வரும் கடிதங்கள் வேறு. விட்டுவிடலாம் என்று அவனுக்கு அலுத்துப்போன வேளையில், ஆறு மாதமாக நல்ல திருத்தங்கள் அனுப்பிவரும் ஒருவர், 'உங்களுக்குச் சிரமமாக இருந்தால் நான் ஏற்றுக்கொள்கிறேன்' என்று எழுதியிருக்கிறார்.

"ஆளைப் பார்த்திருக்கியா?" என்றார் அத்தான்.

"இல்லை."

"அப்ப குடுக்காதே."

"அப்படிச் சொல்ல முடியாதுப்பா. உள்ள வந்து கெடுத்தவனும் முகம் தெரியாதவன்தான். காப்பாத்தின ஃப்ராய்ண்டும் அந்தத் தொகுதிக்கு முகம் தெரியாதவர்தான். யாரையும் சேர்க்காம நானே வெச்சுக்கிட்டா, காலினுக்கு வந்த நிலைமைதான் எனக்கும் வரும்."

அத்தான் இதற்குப் பதில் சொல்லச் சற்று நேரம் எடுத்துக்கொண்டார். "எங்க ஷிஃப்ட்ல ஒரு முறை உண்டு" என்றார் கடைசியில். "அடுத்த ஆள் வந்ததும் கிளம்பிட முடியாது. ரெண்டு பேருமாப் போய் அளவைப் பார்க்கணும். ரெண்டு பேரும் லாக் புக்ல கையெழுத்துப் போடணும். வந்தவன் என் சிநேகிதனா இருந்தாலும் அப்படித்தான். என் மேல சந்தேகமா, அவன் மேல சந்தேகமான்னு யாரும் கேட்டதில்லை. அது பம்புக்குச் செய்யற மரியாதை."

மூன்று நாள் கழித்து நான் ஊருக்குக் கிளம்பும்போது கேட்டேன், என்ன செய்தாய் என்று. அந்த மனிதரைச் சேர்த்துக்கொண்டானாம். கூடவே கோயம்புத்தூரிலிருக்கும் ஒரு நண்பனையும். எந்தத் திருத்தமானாலும் எழுதாதவர் ஒருவர் படித்துச் சம்மதித்தால்தான் உள்ளே போகும். வெளியே அனுப்பும் மூட்டை, எல்லோரும் பார்க்கும் மூலத்திலிருந்து மட்டுமே கட்டப்படும். புது மனிதர் ஆட்சேபிக்கவில்லை. இன்னொரு திருத்தமும் அனுப்பியிருக்கிறார்.

"நல்லவர்தானா?"

"நல்லவரா இல்லாட்டியும் பாதகமில்லாத மாதிரி ஏற்பாடு செஞ்சிருக்கேன் மாமா. நல்லவரா இருந்தா, அவருக்கும் இது சௌகரியம்தான்."

திரும்புகிற வழியில் வடலூரில் இறங்கினேன். நெய்வேலிக்குப் போகிறவர்களில் அந்த வழியாகப் போகிறவர்களும் உண்டு. 1867-ல் வள்ளலார் அங்கே சத்திய தருமச் சாலையைத் தொடங்கி மூட்டிய அடுப்பு இன்னும் எரிகிறது. சாதி கேட்காமல், ஊர் கேட்காமல் வந்தவர்க்கெல்லாம் சோறு. அந்த அடுப்பைப் பற்றிப் பேசுகிறவர்கள் அது அணையாததை அதிசயம் என்பார்கள். நான் நின்று பார்த்த அரை மணியில் ஒரு வண்டியிலிருந்து விறகு இறக்கினார்கள். யாரோ ஒரு குடும்பம் ஒரு மூட்டை அரிசியைச் சுமந்துகொண்டு வந்தது. ஓர் ஆள் அடுப்பைக் கிளறிவிட்டு வியர்வையைத் துடைத்துக்கொண்டான். அது எரிவதற்குக் காரணம் எவருக்கும் ரகசியமில்லை. பொது அடுப்பு என்று ஊருக்குத் தெரியும். ஆகவே விறகு வேண்டும் என்பதும் தெரியும்.

நம் மேஜைமேல் இருக்கும் பெட்டிக்குள்ளும் அப்படி ஆயிரம் அடுப்புகள் எரிகின்றன. பாங்கில் பணம் எடுத்தாலும், ரயிலுக்கு டிக்கெட் வாங்கினாலும், மருந்துக் கடையில் நின்றாலும் நாம் சாப்பிடுவது அவற்றின் சோறுதான். விறகு எங்கிருந்து வருகிறது என்றுமட்டும் கேட்பதில்லை. நாவல் வாசிக்கிற நமக்கு இதில் செய்வதற்கு அதிகம் இல்லைதான். இயந்திரம் செப்பனிட அனுமதி கேட்டால் 'நாளைக்கு' என்று தள்ளாமல் சரி என்று சொல்லலாம். கம்பெனி நடத்துகிறவர்கள், தாங்கள் எந்தெந்த அண்டாவில் சமைக்கிறோம் என்று ஒரு ஜாபிதா எழுதிப் பார்த்து, அவற்றில் இரண்டுக்காவது ஈயம் பூசக் காசு கொடுக்கலாம். வீட்டில் யாராவது ராத்திரி பதினோரு மணிக்கு விளக்கெரித்துச் சம்பளமில்லாத வேலை ஒன்றைச் செய்துகொண்டிருந்தால், வெட்டிவேலை என்று சொல்லுமுன் அது என்ன வேலை என்று ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளலாம்.

அத்தான் இப்போதெல்லாம் கேட்கிறாராம். அக்காள் எழுதியிருக்கிறாள்: "என்ன சொன்னாலும் இவருக்குப் புரிவதில்லை. ஆனாலும் தினம் ராத்திரி அவன் அறை வாசலில் நின்று, இன்றைக்கு அளவு எப்படி என்று கேட்டுவிட்டுத்தான் படுக்கப் போகிறார்."